குறுக்குக் கட்டளையும் ராஜேந்திரனின் கப்பலும்: ஒரு கணினி விளையாட்டைத் திறனாய்ந்து பார்ப்போம்



இந்தப் பகுதியில் வழக்கமாக நாவல், நாடகம், கவிதை என்றுதான் திறனாய்வு வரும். இம்முறை ஒரு கணினி விளையாட்டை எடுத்துக்கொள்கிறேன். 'கேம் விளையாடுறதைப் பத்தியெல்லாம் கட்டுரையா?' என்று முகம் சுளிக்க வேண்டாம். நம் மாணவர்கள் ஒரு வாரத்தில் நாவலோடு செலவிடும் நேரத்தையும் விளையாட்டோடு செலவிடும் நேரத்தையும் நீங்களே மனத்துக்குள் ஒப்பிட்டுப் பாருங்கள். அவர்கள் அதிகம் 'வாசிக்கும்' படைப்பு அதுதான். அதை எப்படி வாசிக்கிறார்கள் என்று பார்ப்பது நம் வேலை.

தொடங்கிய இடம்

கிள்ளானிலிருந்து தெலுக் பங்லிமா காராங் வந்து, லங்காட் ஆற்றுப் பாலத்தைக் கடந்தால் கேரி தீவு. சாலையின் இரண்டு பக்கமும் செம்பனை. சனிக்கிழமை மாலைகளில் அங்குள்ள சில மாணவர்களுக்கு எஸ்.பி.எம். தமிழ் வகுப்பு எடுக்கிறேன். ஒருநாள், 'நான் அண்மையில் ரசித்த ஒரு படைப்பு' என்று தலைப்புக் கொடுத்தேன். நூல், திரைப்படம், நாடகம், விளையாட்டு எதுவாக இருந்தாலும் சரி என்றேன்.

படிவம் 4 மாணவன் ஒருவன் 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' பற்றி எழுதினான். அதில் ராஜேந்திர சோழன் பெயரில் ஒரு கதைத்தொடர் உண்டு. ஆவலோடு படிக்க உட்கார்ந்தேன். ஒன்றரைப் பக்கக் கட்டுரை. விளையாட்டு சுவாரசியமாக இருந்தது, ராஜேந்திரன் வீரம் மிக்கவன், இறுதியில் வென்றான், நாமும் வரலாற்றை அறிய வேண்டும். இவ்வளவுதான். எழுத்துப்பிழை இல்லை. ஆனால், விளையாடியவன் எழுதியது என்பதற்கு ஓர் அடையாளமும் இல்லை.

"எத்தனை கப்பல் கட்டின தம்பி? அதுக்கு மரம் எங்கேயிருந்து வந்துச்சு?" என்று கேட்டேன்.

"மரமா? 'லம்பர்ஜாக்'னு அடிச்சா வந்துடும் சார்."

"எதிரி கோட்டை எங்கே இருக்குன்னு எப்படிக் கண்டுபிடிச்ச?"

"'மார்கோ' அடிச்சா முழு மேப்பும் தெரிஞ்சிடும் சார். ஒரே ராத்திரியில முடிச்சிட்டேன்."

அவன் முகத்தில் பெருமை. என் முகத்தைப் பார்த்ததும் குரல் கொஞ்சம் இறங்கியது. "இதுல என்ன தப்பு சார்? நான் யாரையும் ஏமாத்தலையே. கம்ப்யூட்டரோடதானே விளையாடினேன்?"

நல்ல கேள்வி. இந்தக் கட்டுரை அந்தக் கேள்விக்கு நான் தேடிய பதில்.

முதலில் சொல்லைப் பார்ப்போம்

விளையாட்டில் முறைகேடு செய்வதற்குத் தமிழில் சொற்கள் நிறையவே உண்டு. அழுகுணி ஆட்டம், கள்ளாட்டம், போங்கு ஆட்டம் என்கிறோம். யாழ்ப்பாணத்தில் 'அளாப்புதல்' என்பார்கள். இவை எல்லாவற்றிலும் ஓர் ஒற்றுமை இருக்கிறது. எதிரே இன்னோர் ஆள் உட்கார்ந்திருக்க வேண்டும். பல்லாங்குழியில் கையில் இரண்டு முத்தை மறைத்துக்கொண்டால் எதிரில் இருக்கும் அக்கா 'அழுகுணி' என்று கத்துவார். தனியாக உட்கார்ந்து முத்துகளை இப்படியும் அப்படியும் மாற்றிப்போட்டுப் பார்க்கிற பிள்ளையை யாரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

ஆங்கிலத்திலிருந்து வந்த 'சீட்' என்ற சொல்லுக்கு இந்த வேறுபாடு தெரியாது. தனியாக விளையாடினாலும் அதே சொல், நூறு பேர் போட்டியிடும்போது ஏமாற்றினாலும் அதே சொல். அதனால்தான் மாணவனுக்கும் குழப்பம், நமக்கும் குழப்பம். இந்தக் கட்டுரையில் தனி ஆட்டத்தில் தட்டுவதைக் 'குறுக்குக் கட்டளை' என்றே சொல்கிறேன். 'கள்ளாட்டம்' என்ற சொல்லை அதற்குரிய இடத்துக்கு வைத்துக்கொள்வோம்.

கட்டளைகள் எங்கிருந்து வந்தன?

குறுக்குக் கட்டளைகளை முதலில் உருவாக்கியவர்கள் சோம்பேறி ஆட்டக்காரர்கள் அல்லர். விளையாட்டை உருவாக்கியவர்களே அவற்றைத் தங்களுக்காகச் செய்துகொண்டார்கள். 1986இல் 'கிரேடியஸ்' என்ற விளையாட்டை வீட்டுக் கருவிக்கு மாற்றியமைத்த ஜப்பானிய நிரலர் கசுஹிசா ஹாஷிமோட்டோவுக்கு ஒரு சிக்கல். சோதித்துப் பார்க்கத் தானே விளையாட வேண்டும். ஆனால், அது அவருக்கே கடினமாக இருந்தது. மேல் மேல், கீழ் கீழ், இடம் வலம், இடம் வலம், பிறகு இரண்டு பொத்தான்கள். இந்த வரிசையில் அழுத்தினால் எல்லா ஆயுதங்களும் கைக்கு வரும்படி எழுதிக்கொண்டார். விளையாட்டு கடைக்குப் போனபோதும் அது உள்ளேயே இருந்துவிட்டது. இன்று 'கொனாமி கோடு' என்று உலகம் அறிந்தது அதுதான்.

1993இல் வந்த 'டூம்' விளையாட்டில் 'ஐ.டி.டி.கியூ.டி.' என்ற ஐந்து எழுத்தைத் தட்டினால் சாவு கிடையாது. 1996இல் வந்த 'குவேக்' ஒரு படி மேலே போனது. எண் 1க்கு இடப்பக்கம் உள்ள விசையை அழுத்தினால் திரையின் மேலிருந்து ஒரு பலகை இறங்கும். அதுதான் 'கன்சோல்'. அதில் 'காட்' என்று தட்டினால் அடிபடாது. 'நோகிளிப்' என்று தட்டினால் சுவரை ஊடுருவிப் போகலாம்.

கன்சோல் என்பது விளையாட்டை ஆக்கியவரின் பணிமேசை. வெளிச்சத்தை மாற்ற, வேகத்தை அளக்க, பழுது எங்கே என்று தேட அவருக்கு அது தேவை. 2011இல் வந்த 'ஸ்கைரிம்' விளையாட்டை விளையாடியவர்களைக் கேட்டுப் பாருங்கள். கதைக்கு முக்கியமான ஓர் ஆள் பாறைக்குள் மாட்டிக்கொண்டு, கதையே நின்றுபோன அனுபவம் பலருக்கு உண்டு. அப்போது கன்சோலைத் திறந்து அந்த ஆளை வெளியே இழுத்துவிடுவார்கள். இதைக் குற்றம் என்று யார் சொல்வார்?

விளையாட்டுகளும் இந்தக் கட்டளைகளைப் பற்றி ஒரு கருத்து வைத்திருக்கின்றன என்பதுதான் ரசிக்க வேண்டிய விஷயம். 1994இல் வந்த 'ஹெரெடிக்', 'டூம்' விளையாட்டின் இயந்திரத்திலேயே ஓடுவது. பழைய பழக்கத்தில் அதே ஐந்து எழுத்தை அங்கே தட்டினால், 'ஏமாற்றப் பார்க்கிறாயா' என்ற பொருளில் ஒரு வரி தோன்றி உங்கள் வீரன் அங்கேயே செத்து விழுவான். வயது வந்தோருக்கான 'ஜி.டி.ஏ. சான் ஆன்ட்ரியாஸ்' வேறு மாதிரி. 'ஹெசோயம்' என்று தட்டினால் 2,50,000 டாலரைக் கொடுத்துவிடும். ஆனால், எத்தனை முறை தட்டினீர்கள் என்று புள்ளிவிவரப் பக்கத்தில் அமைதியாக எழுதி வைத்துக்கொள்ளும். ஒன்று தண்டிக்கிறது, மற்றொன்று கணக்கு எழுதுகிறது. ஆக்கியவரின் குரல் இப்படியும் கேட்கும் என்பதை இலக்கிய மாணவர்கள் குறித்துக்கொள்ளலாம்.

ராஜேந்திரன் ஆட்டம்: குறுக்குக் கட்டளை எதை அழிக்கிறது?

இப்போது நம் மாணவன் விளையாடிய ஆட்டத்துக்கு வருவோம். 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' முதலில் 1999இல் வந்தது. அதன் புதுப்பதிப்பு 2019இல். 2022 ஏப்ரலில் இந்திய அரசமரபுகளை மையமாகக் கொண்ட ஒரு கூட்டுப் பகுதி வெளியானது. அதில்தான் 'திராவிடர்' என்ற நாகரிகமும் ராஜேந்திரன் கதைத்தொடரும் வந்தன. திராவிடர் பக்கத்து ஆட்கள் தமிழில்தான் பதில் சொல்வார்கள். ஒரு தொழிலாளியைச் சொடுக்கினால் கணினியிலிருந்து தமிழ்க் குரல் வருவதைக் கேட்டால் யாருக்கும் சிலிர்க்கும்.

இந்த விளையாட்டின் மொழி உணவு, மரம், தங்கம், கல் என்ற நான்கு பொருள்தான். எதைக் கட்டுவதற்கும் இவற்றில் சிலவற்றைச் செலவிட வேண்டும். திராவிடரை ஒரு கடல் நாகரிகமாக வடிவமைத்திருக்கிறார்கள். இவர்களின் மீனவர்கள் ஒரு நடையில் மற்றவர்களைவிட அதிகம் சுமப்பார்கள். அதோடு, ஒரு யுகத்திலிருந்து அடுத்த யுகத்துக்கு முன்னேறும்போதெல்லாம் 200 மரம் இலவசமாகக் கிடைக்கும். மாறாக, குதிரைப்படை பலவீனம்.

இந்தச் சின்னச் சின்ன எண்களில்தான் வடிவமைத்தவர் நம்மோடு பேசுகிறார். தரையில் உன் குதிரை தோற்கும், கடலில் உன் மரம் வெல்லும், ஆகவே கடலை நோக்கிப் போ என்கிறார். சோழர்கள் குதிரைகளைக் கடல் கடந்து அரபு நாட்டு வணிகரிடமிருந்து வரவழைத்தவர்கள் என்ற வரலாற்றை நினைத்துக்கொண்டால் அந்த பலவீனத்துக்கும் ஒரு பொருள் கிடைக்கிறது.

இப்போது கணக்குப் போடுங்கள். ஆட்டத்தில் நான்கு யுகங்கள். ஆக, முன்னேற்றம் மூன்று முறை. மூன்று தடவை 200 என்றால் முழு ஆட்டத்துக்கும் 600 மரம். இதுதான் திராவிடருக்கு வடிவமைத்தவர் கொடுத்த தனிச்சிறப்பு. 'லம்பர்ஜாக்' கட்டளை 1999ஆம் ஆண்டு மூல ஆட்டத்திலேயே ஒரு தட்டுக்கு 1000 மரம் கொடுத்தது. ஒருமுறை தட்டியதும் அந்த 600 செல்லாக்காசாகிவிடுகிறது. இரண்டு முறை தட்டினால், நீங்கள் திராவிடராக விளையாடினாலும் ஒன்றுதான், மங்கோலியராக விளையாடினாலும் ஒன்றுதான்.

என் மாணவன் ராஜேந்திரனை விளையாடவில்லை என்று நான் சொல்வது இதனால்தான். அவன் வென்றது உண்மை. ஆனால், வென்ற அந்த ஆட்டத்தில் ராஜேந்திரனே இல்லை.

'மார்கோ' இதைவிடப் பெரிய இழப்பு. ஆட்டம் தொடங்கும்போது திரையில் பெரும்பகுதி கறுப்பாக இருக்கும். நாம் போய்ப் பார்த்த இடம் மட்டும்தான் தெரியும். அந்தக் கறுப்புத்தான் கடற்பயணத்தின் பயம். 1025இல் சோழர் கடற்படை ஸ்ரீவிஜயத்தின் மீது சென்றது. வங்கக் கடலைத் தாண்டுவதற்குப் பருவக்காற்றை அறிந்திருக்க வேண்டும். காற்று தவறினால் மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும். தஞ்சைப் பெரிய கோயிலில் உள்ள ராஜேந்திரனின் கல்வெட்டு, பிடித்த இடங்களை ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லி அடுக்குகிறது. ஸ்ரீவிஜயம், மலையூர், இலங்காசோகம், தக்கோலம், நக்கவாரம், கடாரம். அந்தப் பட்டியலைப் பாடமாகப் படிக்கும்போது நமக்கு வெறும் பெயர்கள். இருட்டுத் திரையில் கப்பலை ஓட்டி, ஒவ்வொரு கரையும் திடீரென்று வெளிச்சமாகும்போதுதான், ஒரு கல்வெட்டு ஏன் இடங்களை இவ்வளவு ஆசையாகப் பெயர் சொல்லிச் சொல்கிறது என்று புரியும். வரைபடம் முழுவதையும் ஒரே தட்டில் திறந்துவிட்டவனுக்கு அந்த அனுபவம் கிடைக்க வழியில்லை.

விளையாட்டையும் கேள்வி கேட்க வேண்டும்

குறுக்குக் கட்டளையை மட்டும் குறைசொல்லி விளையாட்டைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டால் அது திறனாய்வு ஆகாது. இந்த ஆட்டத்திலும் குறைகள் உண்டு.

முதலாவது, 'திராவிடர்' என்று ஒரே மூட்டையாகக் கட்டியது. சோழரும் சேரரும் பாண்டியரும் வெவ்வேறு. தமிழ், கன்னடம், தெலுங்கு பேசிய அரசுகள் ஒன்றோடொன்று தலைமுறை தலைமுறையாகப் போரிட்டவை. கேரளக் களரியோடு சேர்த்துப் பேசப்படும் உருமி என்ற சுருள்வாளை ஏந்திய வீரர்தான் இங்கே சோழப் படையின் சிறப்பு வீரர்.

இரண்டாவது குறை நம்மை நேராகத் தொடுவது. இந்த ஆட்டத்தில் ஒரு தொழிலாளியின் விலை 50 உணவு. செத்தால் இன்னொரு 50 உணவுக்கு இன்னொருவர் வருவார். அவருக்குப் பெயர் இல்லை. கேரி தீவில் உட்கார்ந்து இதை விளையாடும் பிள்ளை தன்னை ராஜேந்திரனாக நினைத்துக்கொள்கிறான். மகிழ்ச்சிதான். ஆனால், நம்மில் பெரும்பாலோரின் முன்னோர் கடாரம் கொண்டவனின் கப்பலில் வரவில்லை. தோட்டத்து வேலைக்கு வந்தார்கள். எட்வர்டு வேலண்டைன் கேரி என்ற வெள்ளைக்காரத் தோட்டக்காரரின் பெயரைத் தாங்கி நிற்கும் இந்தத் தீவு, சதுப்பு நிலமாகக் கிடந்த தாழ்வான பூமி. கரை கட்டி, வாய்க்கால் வெட்டி, உப்புநீரைத் தடுத்துத் தோட்டமாக்கினார்கள். மண்ணைச் சுமந்த கைகளின் பெயர் தீவுக்கு வைக்கப்படவில்லை. அதற்கும் முன்பே இங்கு வாழ்ந்த, மரமுகமூடி செதுக்குவதில் பெயர்பெற்ற மா மேரி மக்களின் பெயரும் வைக்கப்படவில்லை. திரையில் அந்த 50 உணவு ஆளைச் சொடுக்கும்போது, அவர் யார் என்று ஒரு நிமிடம் யோசிக்கச் சொல்லுங்கள். நல்ல கட்டுரைக்கு அங்கே விதை இருக்கிறது.

இந்தக் குறையைக்கூட மெதுவாக விளையாடியவன்தான் கண்டுபிடிப்பான். மரம் வெட்டும் ஆளை நம்பி விளையாடியவனுக்கு அவர் செத்தால் வலிக்கும். மரம் வானத்திலிருந்து கொட்டும் ஆட்டத்தில் அந்த ஆளே தேவையில்லை.

மூன்று வகை

ஆக, 'குறுக்குக் கட்டளை தப்பா?' என்று மொட்டையாகக் கேட்டால் பதில் கிடைக்காது. எதற்காகத் தட்டுகிறோம் என்று கேட்க வேண்டும். நான் மூன்றாகப் பிரிக்கிறேன்.

ஒன்று, மாட்டிக்கொண்டு தட்டுவது. 'ஸ்கைரிம்' பாறைக்குள் சிக்கிய ஆள் இந்த வகை. கண்பார்வை அல்லது கைவலி காரணமாக வேகமாக விளையாட முடியாத ஒருவர் 'காட்' தட்டிக் கதையைப் பார்ப்பதும் இதில்தான் சேரும்.

இரண்டு, அறிந்துகொள்ளத் தட்டுவது. 'நோகிளிப்' போட்டுச் சுவருக்குப் பின்னால் போய்ப் பார்த்தால், அங்கே ஒன்றுமே இருக்காது. நாம் நிஜமான மாளிகை என்று நம்பியது ஒரு பக்கம் மட்டும் வண்ணம் பூசிய அட்டை. ஆக்கியவர் எதைக் காட்டினார், எதை மறைத்தார், எந்த இடத்தில் நம்மைத் திரும்பச் சொன்னார் என்று அப்போதுதான் தெரியும். 'மைன்கிராஃப்ட்' கட்டளைகளைத் தட்டி விளையாடியே நிரலாக்கத்தில் ஆர்வம் பிடித்த பிள்ளைகள் உண்டு.

மூன்று, தாண்டிப்போகத் தட்டுவது. முடித்தேன் என்று சொல்ல வேண்டும், ஆனால் நடக்கக் கூடாது. அந்த இரவில் நம் மாணவன் செய்தது இதுதான்.

மூன்றாவது வகையும் பாவம் என்று நான் சொல்லவில்லை. களைத்துப் போன ஒருவர் ஞாயிற்றுக்கிழமை மாலையில் எதிரிக் கோட்டை முன்னால் கார் ஒன்றை வரவழைத்துச் சிரித்துக்கொண்டால் உலகம் கெட்டுவிடாது. 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' அப்படி ஒரு காரையே ஒளித்து வைத்திருக்கிறது. ஆனால், முடித்தது என்ன, அறிந்தது என்ன என்று ஒருவர் கேட்கும்போது கை வெறுமையாக இருக்கும். அதை ஒப்புக்கொள்ளத் தெரிய வேண்டும்.

எதிரே ஆள் இருக்கும்போது

நான்காவதாக ஒன்று இருக்கிறது. அது கள்ளாட்டம். வடிவமைத்தவர்கள் இந்தக் கோட்டை முதலிலேயே போட்டுவிட்டார்கள். 'கவுன்டர் ஸ்டிரைக்' போன்ற ஆட்டங்களில் இந்தக் கட்டளைகள் வேலை செய்ய வேண்டுமானால், ஆட்டத்தை நடத்தும் கணினியிலேயே 'எஸ்வி சீட்ஸ்' என்ற பூட்டைத் திறக்க வேண்டும். திறந்தால் ஆட்டத்தில் உள்ள எல்லாருக்கும் அது தெரிந்த விதி. அந்தப் பூட்டை உடைக்க வெளியிலிருந்து திருட்டு நிரல் கொண்டுவருவது வேறு விஷயம்.

2018 அக்டோபரில் ஷாங்காயில் ஆசிய அளவிலான 'கவுன்டர் ஸ்டிரைக்' போட்டி நடந்தது. இந்தியாவிலிருந்து போன 'ஆப்டிக் இந்தியா' அணியில் 'ஃபர்சேகன்' என்ற பெயரில் ஆடிய வீரரின் கணினியை நடுவர்கள் ஆட்டத்தின் நடுவே சோதித்தார்கள். தானாகக் குறிபார்க்கும் நிரல் ஒன்று உள்ளே இருந்தது. அதற்கு 'வேர்ட்' என்று, நாம் கட்டுரை தட்டச்சு செய்யும் மென்பொருளின் பெயரை வைத்திருந்தார்கள். நடுவர் பார்க்கும்போதே அதை அழிக்கப் பார்த்தார் அந்த வீரர். அணி தகுதி இழந்தது. அதை நடத்திய நிறுவனம் இந்திய அணியையே கலைத்துவிட்டது. அவருக்கு ஐந்தாண்டுத் தடை. ஒரு தப்பும் செய்யாத மற்ற வீரர்களுக்கும் வேலை போனது.

நமக்கு இது புதிதில்லை. 2014இல் யூ.பி.எஸ்.ஆர். அறிவியல், ஆங்கிலத் தாள்கள் கசிந்தன. செப்டம்பர் 30ஆம் நாள் நாடு முழுவதும் பிள்ளைகள் மறுபடியும் உட்கார்ந்து எழுதினார்கள். கசிந்த தாளைப் பார்க்காத பன்னிரண்டு வயதுப் பிள்ளையும் எழுதியது. கள்ளாட்டத்தின் விலையைக் கள்ளன் மட்டும் கட்டுவதில்லை. மாணவர்களே, வாதக் கட்டுரையில் 'தேர்வு நேர்மை' வந்தால் இந்த ஓர் எடுத்துக்காட்டு போதும்.

என் பக்கத்துக் கணக்கு

இதையெல்லாம் அந்த மாணவனுக்கு விளக்கிச் சொன்னேன். அமைதியாகக் கேட்டான். பிறகு சொன்னான்:

"அப்போ நீங்க கொடுக்கிற மாதிரிக் கட்டுரை என்ன சார்? அதுவும் 'லம்பர்ஜாக்'தானே?"

வகுப்பே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதற்கு முந்தைய தவணையில் வெள்ளம் பற்றிய ஒரு கட்டுரையைப் பிரதி எடுத்துக் கொடுத்து, மனனம் செய்யுங்கள் என்று சொன்னவன் நான்தான். சோதனையில் பதினோரு பேர் அதே முதல் வரியை எழுதினார்கள். பதினோரு தாளுக்கும் நானே நல்ல புள்ளி போட்டேன். அந்தப் பிள்ளைகளில் சிலர் வெள்ளத்தை நேரில் பார்த்தவர்கள். வீட்டுக்குள் தண்ணீர் வந்து, அரிசி மூட்டையைக் கட்டில் மேல் ஏற்றியவர்கள். அந்த அரிசி மூட்டை ஒரு தாளிலும் வரவில்லை. நான் கொடுத்த 1000 மரம், அவர்கள் கையில் இருந்த 200 மரத்தைச் செல்லாக்காசாக்கிவிட்டது.

ஆசிரியர்களே, இது என் ஒருவனுடைய கதை மட்டும் என்று நான் நினைக்கவில்லை. ஊக வினாப் பட்டியல், ஒரே பக்கத்தில் நாவல் சுருக்கம், பாத்திரப் படைப்புக்கு ஐந்து 'பாயிண்ட்'. நேரம் இல்லாமல்தான் கொடுக்கிறோம், நல்ல எண்ணத்தோடுதான் கொடுக்கிறோம். நாவலைத் திறக்காமலே நாவல் வினாவுக்குப் பதில் எழுதத் தெரிந்த மாணவனை உருவாக்கிவிடுகிறோம்.

அதற்காக மாதிரிக் கட்டுரையைத் தூக்கி எறியவும் வேண்டாம். மேலே சொன்ன மூன்று வகையை இங்கேயும் பொருத்திப் பாருங்கள். கட்டுரை எழுதவே தொடங்க முடியாமல் மாட்டிக்கொண்ட பலவீனமான மாணவனுக்கு மாதிரி தேவை. அது முதல் வகை. நன்றாக எழுதும் மாணவனுக்கும் தேவை. ஆனால், அவனிடம் கொடுக்கும்போது 'நோகிளிப்' போட்டுக் கொடுங்கள். முன்னுரை ஏன் இந்த இடத்தில் முடிகிறது, இரண்டாம் பத்தி முதல் பத்தியோடு எந்தச் சொல்லால் ஒட்டியிருக்கிறது, எந்த இடம் வெறும் அட்டைச் சுவர் என்று பின்னால் போய்ப் பார்க்கச் சொல்லுங்கள். மனனம் செய்யக் கொடுத்தால் அது மூன்றாம் வகை ஆகிவிடும்.

வகுப்பில் செய்து பார்க்க

ஆசிரியர்களுக்கு ஒரு பாட யோசனை. இரண்டு பாடவேளை போதும். கணினி இல்லாவிட்டாலும் செய்யலாம்.

1. மாணவர்களுக்குத் தெரிந்த ஏதாவது ஓர் ஆட்டத்தைத் தேர்ந்தெடுக்கச் சொல்லுங்கள். கணினி ஆட்டம், கேரம், பல்லாங்குழி எதுவும் சரி. அதில் ஒரே ஒரு விதியை நீக்கினால் என்ன ஆகும் என்று ஐந்து வாக்கியத்தில் எழுத வேண்டும். ஒரு விதி எதைக் காப்பாற்றுகிறது என்று அப்போது புரியும்.

2. ஒரு மாதிரிக் கட்டுரையைக் கொடுத்து, அதை எழுதியவர் நேரில் பார்க்காமல் எழுதிய வரிகளை அடிக்கோடிடச் சொல்லுங்கள். பிறகு, அந்த வரிகளுக்குப் பதிலாகத் தாங்கள் பார்த்ததை எழுதட்டும்.

3. 'கணினி விளையாட்டில் குறுக்குக் கட்டளைகளைப் பயன்படுத்துவது தவறு' என்ற தலைப்பில் வாதம் நடத்துங்கள். ஒரு கட்டுப்பாடு: இரு தரப்பும் முதல் வாக்கியத்தில் தாங்கள் எந்த வகைப் பயன்பாட்டைப் பற்றிப் பேசுகிறோம் என்று சொல்லியாக வேண்டும்.

மாணவர்களே, உங்களுக்கும் ஒன்று. படைப்பைப் பற்றி எழுதும்போது 'சிறப்பாக இருந்தது', 'சுவாரசியமாக இருந்தது' என்ற வாக்கியம் பேனாவில் வந்து நின்றால், அங்கேயே நிறுத்துங்கள். எந்த இடம்? எத்தனை? யார்? அதற்கு முன்னால் என்ன நடந்தது? இந்த நான்கு கேள்விக்கும் பதில் வரவில்லை என்றால், நீங்கள் அந்தப் படைப்பைத் தாண்டிப் போயிருக்கிறீர்கள் என்று பொருள். திரும்பிப் போய்ப் பாருங்கள். தேர்வு அறையில் இதைச் செய்ய நேரம் இருக்காது. இப்போதே செய்யுங்கள்.

பிறகு என்ன ஆனது?

மூன்று வாரம் கழித்து அந்த மாணவன் கட்டுரையை மறுபடியும் எழுதிக்கொண்டு வந்தான். எந்தக் கட்டளையும் தட்டாமல் விளையாடியிருக்கிறான். முடிக்கவில்லை. கப்பல் கட்டுவதற்காகக் கரையோர மரத்தையெல்லாம் வெட்டித் தீர்த்துவிட்டு, உள்நாட்டில் மரம் தேடப் போன ஆட்களை எதிரி அடித்துவிட்டான். மிச்சமிருந்த நான்கு கப்பலோடு இருட்டுக்குள் போய், ஒரு கோட்டையின் அடியில் மோதி எல்லாம் மூழ்கிவிட்டன. 'அந்த நாலாவது கப்பல் முழுகுறப்போ, இதுக்கு வெட்டின மரம் ஒவ்வொன்னும் எங்கே நின்னுச்சுன்னு எனக்கு ஞாபகம் வந்துச்சு' என்று எழுதியிருந்தான். பேச்சுவழக்கில் எழுதியிருந்தான். அதை எழுத்துவழக்கில் திருத்தச் சொன்னேன், வேறொன்றையும் திருத்தவில்லை.

கடாரத்தை அவன் இன்னும் பிடிக்கவில்லை. "அடுத்த வாரம் பார்க்கலாம் சார்" என்றிருக்கிறான். வெள்ளக் கட்டுரையையும் எல்லாரும் மறுபடி எழுதப் போகிறோம். இந்த முறை நான் எதையும் பிரதி எடுத்துக்கொண்டு போகப் போவதில்லை.